போய்வர ஒரு வழி: முழுத்திரை விளையாட்டும் உலாவியும்

கணினியில் முழுத்திரையில் ஒரு விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கிறது. பூட்டிய கதவு ஒன்று திறக்க மறுக்கிறது. அல்லது ஒரு கருவியைச் செய்ய என்னென்ன பொருள் வேண்டும் என்று தெரியவில்லை. ஆல்ட் விசையை அழுத்திக்கொண்டு டேப்பைத் தட்டி உலாவிக்குப் போக வேண்டும், தேடிப் பார்க்க வேண்டும், திரும்பி வர வேண்டும். விண்டோஸ் கணினிகளில் இந்தச் சின்ன வேலையை நம்பிச் செய்ய முடியாத காலம் ஒன்று நீண்ட நாள் இருந்தது. திரை கறுத்து அப்படியே சில நொடி நிற்கும். உலாவி வந்தால் அதன் சாளரம் மூலையில் சுருங்கிக் கிடக்கும். திரும்பிப் போனால் ஒலி மட்டும் கேட்கும், படம் வராது. சில நேரம் விளையாட்டே விழுந்துவிடும். சேமிக்காத ஒரு மணி நேர உழைப்பும் அதோடு போய்விடும்.

இன்று இந்தத் தொல்லை பெருமளவு குறைந்திருக்கிறது. ஆனால் ஏன் இருந்தது, எப்படிக் குறைந்தது, எது இன்னும் மிச்சம் என்பதைப் பலரும் சேர்த்துப் பார்ப்பதில்லை. இந்தக் கட்டத்தில் டிக் போடு, அந்தக் கோப்பில் ஒரு வரியை மாற்று என்ற துண்டுக் குறிப்புகளே கைமாறுகின்றன. காரணம் தெரியாத குறிப்பு ஒரு விளையாட்டுக்குப் பலிக்கும், அடுத்ததற்குப் பலிக்காது. காரணத்தைத் தேடிப் போனால், திரை எந்த நேரத்தில் யார் கையில் இருக்கிறது என்ற ஒரே இடத்தில் எல்லாம் வந்து சேர்கின்றன.

டாஸ் காலத்தில் அந்தக் கேள்விக்கே இடமில்லை. ஒரு நேரத்தில் ஒரு நிரல். மொத்தக் கணினியும் அதன் கையில். 1993இல் வந்த டூம், 320×200 புள்ளிகள் கொண்ட படத்தை நேரே காட்சி நினைவகத்தில் எழுதியது. விசைப்பலகையைத் தானே கேட்டது, ஒலி அட்டையோடு தானே பேசியது. வெளியே போவதென்றால் விளையாட்டை மூடிவிட்டுத்தான் போக முடியும். வழி தெரியாமல் நின்றவருக்குப் பத்திரிகை இருந்தது, அச்சிட்ட வழிகாட்டி இருந்தது, ஏற்கெனவே விளையாடி முடித்த நண்பர் இருந்தார்.

1995 ஆகஸ்டில் விண்டோஸ் 95 வந்தது. பல நிரல்கள் ஒரே திரையைப் பங்கிட்டுக்கொள்ளும் உலகம் அது. விளையாட்டு எழுதுபவர்கள் அதற்குள் வரத் தயங்கினார்கள். டாஸில் நேரே கைநீட்டித் தொட்ட வன்பொருளுக்கும் தங்களுக்கும் நடுவில் விண்டோஸ் நின்று வேகத்தைக் கெடுக்கும் என்பது அவர்கள் கவலை. அதில் நியாயமும் இருந்தது. அவர்களை இழுக்க மைக்ரோசாஃப்ட் அதே ஆண்டு செப்டம்பரில் கொடுத்ததுதான் பின்னர் டைரக்ட்எக்ஸ் என்று பெயர் நிலைத்த தொகுப்பு. அதன் டைரக்ட்டிரா பகுதியில் 'எக்ஸ்க்ளூசிவ்' என்றொரு முறை இருந்தது. கேட்ட விளையாட்டுக்குத் திரை முழுவதும் சொந்தம். புள்ளி அளவை மாற்றலாம், நிறங்களின் எண்ணிக்கையை மாற்றலாம். கல்யாண மண்டபத்தை மொத்தமாக வாடகைக்கு எடுத்ததைப் போல, உள்ளே இருப்பவர் வெளியேறும்வரை வேறு யாருக்கும் அங்கே இடமில்லை.

இதில் கிடைத்த லாபம் உண்மையானது. கிராபிக்ஸ் கார்டின் நினைவகத்தில் இரண்டு பஃபர்கள் இருக்கும். ஒன்று திரையில் தெரியும். மற்றதில் அடுத்த பிரேம் வரையப்படும். வரைந்து முடிந்ததும், இனி அதிலிருந்து படி என்று முகவரியை மட்டும் மாற்றினால் போதும். சாளரத்துக்குள் ஓடும் விளையாட்டுக்கு இந்த வசதி இல்லை. வரைந்ததை டெஸ்க்டாப்பின் படத்துக்குள் புள்ளி புள்ளியாக நகலெடுக்க வேண்டும். 640×480 அளவில், புள்ளிக்கு ஒரு பைட் என்று வைத்தாலும், நொடிக்கு 30 பிரேமுக்கு 92 லட்சம் பைட்டுகளை நகர்த்த வேண்டும். ஒன்றிரண்டு மெகாபைட் நினைவகத்தோடு விற்ற அன்றைய கார்டுகளுக்கு அது பெரிய சுமை.

விலை எங்கே வந்தது என்றால், திரையைக் கைமாற்றும்போது. டெஸ்க்டாப்புக்கும் விளையாட்டுக்கும் வேறு வேறு திரை அளவு. ஒன்றிலிருந்து மற்றதற்குப் போக மானிட்டரே தன் ஓட்டத்தை மாற்றிக்கொள்ள வேண்டும். பழைய குழாய் மானிட்டர்கள் ‘டக்’கென்று சத்தமிட்டு, இருண்டு, பிறகு ஒளிரும். விளையாட்டு 640×480க்கு மாற்றிய நொடியில் திறந்திருந்த சாளரங்கள் அந்த அளவுக்குள் அடங்கச் சுருங்கும்; டெஸ்க்டாப் படவுருக்கள் இடம் மாறிக் குவியும். சில விளையாட்டுகள் திரையின் ஒளி வளைவையும் தமக்கேற்ப மாற்றிவிடும். உலாவிக்கு வந்தால் பக்கம் முழுவதும் வெளிறித் தெரியும்.

இவையெல்லாம் கண்ணுக்குத் தெரிந்தவை. உள்ளே நடந்தது இன்னும் மோசம். திரை கைமாறியதும் காட்சி நினைவகத்தில் விளையாட்டு வைத்திருந்ததெல்லாம் பறிபோகும். டைரக்ட்டிராவில் இதற்குப் பெயர் 'இழந்த பரப்பு'. டைரக்ட்எக்ஸின் முப்பரிமாணப் பகுதியான டைரக்ட்3டியின் 2002 டிசம்பரில் வந்த 9ஆம் பதிப்பில் 'இழந்த சாதனம்'. ஆல்ட்–டேப் அழுத்தியதும் கிராபிக்ஸ் கார்டு விளையாட்டின் கையை விட்டுப் போய்விடும். பயனர் திரும்பியதும், மீண்டும் கிடைக்குமா என்று விளையாட்டு கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். கிடைக்கும் என்ற பதில் வந்ததும், காட்சி நினைவகத்தில் தான் உருவாக்கிய ஒவ்வொன்றையும் விடுவித்து, சாதனத்தை மீட்டமைத்து, எல்லாவற்றையும் மறுபடி உருவாக்க வேண்டும். விடுவிக்காமல் ஒன்றே ஒன்று தங்கிவிட்டாலும் மீட்டமைப்பு தோற்கும். விளையாட்டு எழுதிய குழு எதை எங்கே வைத்தது என்று துல்லியமாகக் கணக்கு வைத்திருந்தால்தான் இது நடக்கும். வெளியீட்டு நாள் நெருங்கும்போது முதலில் தள்ளிப்போடப்படுவது இப்படிப்பட்ட கணக்குதான். கறுத்த திரையும் விழுந்த விளையாட்டும் பயனரின் கணினிக் கோளாறு என்று பல ஆண்டுகள் நம்பப்பட்டது. பெரும்பாலும் அது இந்த மீட்டமைப்பின் தோல்வி.

வெளியேற விடாமல் தடுத்துவிடுவது இன்னொரு வழி. விண்டோஸ் 95இலும் 98இலும் ஒரு நிரல் தன்னை ஸ்கிரீன்சேவர் என்று இயங்குதளத்திடம் சொல்லிக்கொண்டால், ஆல்ட்–டேப்பும் கன்ட்ரோல்–ஆல்ட்–டெலீட்டும் வேலை செய்யாது. விளையாட்டு எழுதியவர்களுக்கு இந்தத் தந்திரம் தெரிந்திருந்தது. என்டி வழியில் வந்த, எக்ஸ்பி போன்ற விண்டோஸ்களில் அது பலிக்காது. அங்கே கன்ட்ரோல்–ஆல்ட்–டெலீட் நேரே இயங்குதளத்துக்குப் போகும். எந்த நிரலாலும் அதை விழுங்க முடியாது. உறைந்துபோன விளையாட்டிலிருந்து இன்றும் அதுதான் கடைசி வாசல். பயனரை உள்ளே வைத்துப் பூட்டும் உரிமை எந்த விளையாட்டுக்கும் கிடையாது என்பது என் உறுதியான எண்ணம்.

திருப்பம் 2007 ஜனவரியில் கடைக்கு வந்த விண்டோஸ் விஸ்டாவில் நடந்தது. விஸ்டாவைப் பலர் கசப்போடுதான் நினைக்கிறார்கள். இந்த ஒரு விஷயத்தில் அதற்கு நன்றி சொல்லியே ஆக வேண்டும். அதன் புதிய டிரைவர் அமைப்பு, காட்சி நினைவகத்தை இயங்குதளத்தின் நிர்வாகத்தில் கொண்டுவந்தது. சாதாரண நினைவகத்தைப் பல நிரல்களுக்குப் பங்கிடுவதுபோல் இதையும் பங்கிட முடிந்தது. இடம் போதாவிட்டால் ஒரு நிரலின் படங்களை ஓரமாக நகர்த்தி வைத்து, வேண்டும்போது திரும்பக் கொண்டுவரலாம். டைரக்ட்3டி 10இல் ஆல்ட்–டேப்பால் சாதனத்தை இழப்பது என்ற பேச்சே இல்லை. டெஸ்க்டாப்பும் கிராபிக்ஸ் கார்டின் துணையோடு வரையப்பட்டது. ஒவ்வொரு சாளரமும் தனக்கென ஒரு பஃபரில் வரையும். ஒரு தொகுப்பான் அவற்றை ஒன்றுசேர்த்துத் திரையில் காட்டும். ஆல்ட்–டேப் அழுத்தினால் சாளரங்களின் உயிருள்ள சிறுபடங்கள் வரத் தொடங்கியது இதனால்தான்.

பயன் உடனே கைக்கு வரவில்லை. பல ஆண்டுகளுக்கு, விஸ்டாவுக்கு முந்தைய எக்ஸ்பி ஓடும் கணினிகள் கோடிக்கணக்கில் இருந்தன. எக்ஸ்பிக்கு மைக்ரோசாஃப்ட் ஆதரவு நின்றதே 2014 ஏப்ரலில்தான். அதுவரை பல விளையாட்டுகள் டைரக்ட்3டி 9ஐ விடவில்லை. அந்தப் பழைய ஒப்பந்தப்படி எழுதிய விளையாட்டு புதிய விண்டோஸிலும் சாதனத்தை இழந்துகொண்டுதான் இருந்தது.

இடைக்காலத்தில் வீரர்கள் தாங்களே பிடித்துக்கொண்ட வழி 'பார்டர்லெஸ்'. விளையாட்டைச் சாளரமாகவே ஓட்டி, ஓரமும் தலைப்பட்டையும் இல்லாமல் திரை முழுக்க விரித்துவிடுவது. பார்க்க முழுத்திரை, இயங்குதளத்துக்கு அது இன்னொரு சாளரம். கைமாற்றம் எதுவும் இல்லாததால் ஆல்ட்–டேப் நொடியில் நடக்கும். குறை என்னவென்றால், தொகுப்பான் நடுவில் நிற்பதால் படம் ஒரு பிரேம் அளவுக்குத் தாமதமாகும். 60 ஹெர்ட்ஸ் மானிட்டரில் ஒரு பிரேம் ஏறக்குறைய 17 மில்லிநொடி. கட்டடம் கட்டும் விளையாட்டில் இது தெரியாது. குறிபார்த்துச் சுடும் போட்டியில் தேர்ந்த கைகளுக்குத் தெரியும். ஆகவே போட்டி ஆடுபவர்கள் எக்ஸ்க்ளூசிவ் பக்கமும் மற்றவர்கள் பார்டர்லெஸ் பக்கமும் நின்றார்கள். இரு தரப்பும் சொன்னது அந்தக் காலத்துக்குச் சரி.

இந்தப் பிரிவினை 2012க்குப் பின் மெல்லக் கரைந்தது. கரைந்த விதம் அழகானது; கொஞ்சம் நின்று பார்க்கலாம். விண்டோஸ் 8இல் தொகுப்பானை அணைக்கவே முடியாது என்றானது. முதலில் இது வேகத்துக்குக் கேடு என்றுதான் பட்டது. கூடவே சாளரங்களுக்கும் நகலெடுக்காமல் பஃபரையே கைமாற்றும் 'ஃபிளிப்' முறை வந்தது. விண்டோஸ் 10இல் அது முதிர்ந்தது. ஓரமில்லாத சாளரம் திரை முழுவதையும் மூடியிருக்கிறது, மேலே வேறு எதுவும் இல்லை என்று தொகுப்பான் கண்டால், தானே விலகிக்கொள்ளும். விளையாட்டின் பஃபர் நேரே மானிட்டருக்குப் போகும். தாமதம் எக்ஸ்க்ளூசிவ் அளவுக்கு இறங்கிவிடும். நீங்கள் ஆல்ட்–டேப் அழுத்தி உலாவி மேலே வந்த கணம் தொகுப்பான் திரும்பவும் நடுவில் வந்து இரண்டையும் சேர்த்துக் காட்டும். உலாவியை ஒதுக்கினால் மறுபடி விலகும். திரை இயங்குதளத்தின் கையில்தான் இருக்கிறது. விளையாட்டுக்குத் தேவையான நேரத்தில் மட்டும் அது வழிவிடுகிறது.

எக்ஸ்க்ளூசிவ் கேட்கும் பழைய விளையாட்டுகள் சிலவற்றுக்கும் விண்டோஸ் 10 உள்ளுக்குள் இதையே கொடுத்தது. 'முழுத்திரை மேம்படுத்தல்' என்று அதற்குப் பெயர். பண்புகள் பெட்டியில் அதை முடக்க ஒரு கட்டம் உண்டு. அதில் எப்போதும் டிக் போட்டுவிடச் சொல்லும் குறிப்பு இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. சில விளையாட்டுகளில் அதனால் தடுமாற்றம் நிற்கலாம். பொதுவாகப் பார்த்தால், போய்வருவதை எளிதாக்கிய வசதியைத் தாமே மூடிக்கொள்வது அது. டைரக்ட்3டி 12இல் ஃபிளிப் முறை மட்டுமே உண்டு. 2022இல் விண்டோஸ் 11, டைரக்ட்3டி 10, 11இல் எழுதிய சாளர விளையாட்டுகளையும் ஃபிளிப்புக்கு மாற்றும் அமைப்பைச் சேர்த்தது. இன்று புதிய விளையாட்டு வாங்குபவருக்குப் பார்டர்லெஸ்தான் முதல் தேர்வாக இருக்க வேண்டும் என்பேன். எக்ஸ்க்ளூசிவுக்குப் போகக் காரணம் தேவை.

படம் சரியானாலும் விசைகள் சரியாவதில்லை. ஆல்ட்டை அழுத்தியதை விளையாட்டு பார்க்கிறது. விட்டதைப் பார்க்கவில்லை, அதற்குள் உலாவி முன்னால் வந்துவிட்டது. திரும்பி வந்தபின் ஆல்ட் இன்னும் அழுந்தியிருப்பதாகவே அது நினைக்கும். பாத்திரம் வேண்டாத செயலைச் செய்யும். ஆல்ட்டை இன்னொரு முறை தட்டி விட்டால் சரியாகும். வேறு சாளரத்திடம் கவனத்தை இழந்ததும் எல்லா விசைகளையும் விட்டதாகக் கொள்வதுதான் விளையாட்டு செய்ய வேண்டியது. சில வரிக் குறிமுறை, அவ்வளவே. மவுஸ் குறியை விளையாட்டு தன் எல்லைக்குள் பூட்டிவைத்து, வெளியேறும்போது விடுவிக்க மறப்பதும் இதே வகை. இரண்டு மானிட்டர் வைத்திருப்பவருக்கு வேறொன்று: அடுத்த திரையிலிருக்கும் உலாவியைச் சொடுக்கினால் எக்ஸ்க்ளூசிவ் விளையாட்டு சுருங்கிக் கீழே போய்விடும். ஷிஃப்டை ஐந்து முறை தட்டினால் எழும் ஸ்டிக்கி கீஸ் பெட்டியும், கன்ட்ரோலுக்கும் ஆல்ட்டுக்கும் நடுவில் இருக்கும் விண்டோஸ் விசையும் கேட்காமலே வெளியே தள்ளுபவை.

தமிழில் தட்டச்சு செய்பவர்களுக்கு மட்டும் கூடுதலாக ஒன்று. விண்டோஸில் ஒன்றுக்கு மேற்பட்ட விசைப்பலகை அமைப்புகள் இருந்தால், இடப்பக்க ஆல்ட்டும் ஷிஃப்டும் சேர்ந்தால் மொழி மாறும். ஓட ஷிஃப்ட், வேறொரு செயலுக்கு ஆல்ட் என்று வைத்திருக்கும் விளையாட்டில் இரண்டும் ஒன்றாக அழுந்துவது சாதாரணம். பின்னோக்கித் தாவ ஆல்ட்–ஷிஃப்ட்–டேப் அழுத்தும்போதும் விரல் அந்த வழியாகத்தான் போகிறது. தமிழ்99க்கு மாறிவிட்டால், எழுத்தைப் பார்த்து வேலை செய்யும் விளையாட்டில் டபிள்யூ, ஏ, எஸ், டி விசைகள் ஈ, அ, இ, உ ஆகிவிடும், பாத்திரம் அசையாது. விசையின் இடத்தைப் பார்க்கும் விளையாட்டில் நடை கெடாது, அரட்டைப் பெட்டியில் மட்டும் தமிழ் எழுத்தோ வெறும் கட்டங்களோ விழும். விண்டோஸின் தட்டச்சு அமைப்புகளில் இந்தக் குறுக்குவழியை நீக்கிவிட்டு, விண்டோஸ் விசையும் இடைவெளி விசையும் சேர்ந்த குறுக்குவழியை மட்டும் வைத்துக்கொள்வது நல்லது.

அடுத்தது நினைவகம். 2008இல் வந்த குரோம், தாவல்களைத் தனித்தனிச் செயல்முறைகளாகப் பிரித்து ஓட்டும் வழியைப் பரவலாக்கியது. ஒரு பக்கம் விழுந்தால் மற்றவை பிழைக்கும் என்பது அதன் வலிமை. நினைவகம் கூடுதலாகப் பிடிக்கும் என்பது விலை. உலாவியும் கிராபிக்ஸ் கார்டைப் பயன்படுத்தியே பக்கத்தை வரைகிறது, வீடியோவை விரிக்கிறது. விளையாட்டும் உலாவியும் ஒரே பையிலிருந்து செலவழிக்கின்றன. இடம் போதாமல் விளையாட்டின் பக்கங்கள் வட்டுக்குத் தள்ளப்பட்டால், திரும்பி வந்ததும் படம் திக்கித் திணறும். சுழலும் வட்டுகளின் காலத்தில் அந்தத் திணறல் பல நொடி நீடிக்கும். எஸ்எஸ்டி வந்தபின் பெரும்பாலும் சட்டென்று தீர்ந்துவிடுகிறது. 2019இல் வந்த ஓபரா ஜிஎக்ஸ், உலாவி எடுக்கும் நினைவகத்துக்கு வரம்பு போடும் வசதியை முன்வைத்தே வீரர்களை அழைத்தது. 2022 இறுதியில் குரோமும் பயன்படாத தாவல்களின் நினைவகத்தை விடுவிக்கும் அமைப்பைச் சேர்த்தது. மறுபக்கம், பின்னணியில் இருக்கும்போது பிரேம் வேகத்தைக் குறைத்துக்கொள்ளும் அமைப்பு வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் போன்ற விளையாட்டுகளில் உண்டு. உலாவியில் படித்துக்கொண்டிருக்கும்போது மின்விசிறி ஏன் இரைகிறது என்று கேட்பவர்கள் முதலில் பார்க்க வேண்டிய இடம் அது.

போகவே வேண்டாம், உலாவி உள்ளே வரட்டும் என்று எண்ணியவர்களும் உண்டு. ஈவ் ஆன்லைன் தனக்குள்ளேயே ஓர் உலாவியை வைத்திருந்து, 2016இல் அதை நீக்கியது. வலையின் தரங்கள் மாறும் வேகத்தில் ஒரு விளையாட்டு நிறுவனம் உலாவி ஒன்றைப் பாதுகாப்பாக வைத்திருப்பது கடினம். விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் தளத்தின் மேலடுக்கு வேறு வழியில் போனது. ஷிஃப்ட்–டேப் அழுத்தினால், விளையாட்டு வரைந்து முடித்த பிரேமின் மேல், திரைக்குப் போவதற்கு முன், ஸ்டீம் தன் படத்தை வரைந்துவிடும். திரை கைமாறுவதே இல்லை. ஆனால் இதற்காக விளையாட்டின் செயல்முறைக்குள் வேறொரு நிரல் நுழைய வேண்டும். ஏமாற்று நிரல்களும் நுழைவது அதே வாசல் வழியாகத்தான். இப்படி நுழைபவற்றை ஏமாற்றுத் தடுப்பு அமைப்புகள் சந்தேகப்படுவதில் ஆச்சரியமில்லை. 2020இல் கவுன்டர் ஸ்டிரைக், வெளி நிரல்கள் உள்நுழைவதைத் தடுக்கும் முறையைக் கொண்டுவந்தது. விண்டோஸின் கேம் பார் இப்படி உள்ளே நுழையாமல், தனிச் சாளரமாக மேலே நிற்கிறது. 2024 நவம்பரில் முன்னோட்டமாக வந்த எட்ஜ் கேம் அசிஸ்ட் அதற்குள் ஓடும் சிறு உலாவி. தொகுப்பான் முதிர்ந்திருக்காவிட்டால் இது இவ்வளவு இயல்பாக வந்திருக்காது.

ஏன் வெளியே போகிறார்கள் என்பதையும் கேட்க வேண்டும். அலுப்பினால் மட்டும் இல்லை. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டில் பறவை மேல் ஏறி ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்குப் போகப் பல நிமிடம் ஆகும். அந்நேரத்தில் வீரர் செய்ய எதுவுமில்லை. தேட வேண்டியதோ நிறைய. எந்த விலங்கு எங்கே கிடைக்கும் என்று சொல்லும் தாட்பாட், வவ்ஹெட் தளங்கள் அந்த இடைவெளியில் வளர்ந்தன. 2009 டிசம்பரில் அந்த விளையாட்டின் நிறுவனமே பணிகளின் இடங்களை விளையாட்டின் வரைபடத்தில் காட்டத் தொடங்கியது. மைன்கிராஃப்டின் கதையும் ஏறக்குறைய இதுதான். எதை எதோடு சேர்த்தால் எது கிடைக்கும் என்பதை விளையாட்டு சொல்லாது. 2017இல் செய்முறைப் புத்தகம் உள்ளே வரும்வரை வெளிக்குறிப்பே கதி. உலாவியில் மக்கள் எதைத் தேடினார்கள் என்பதே, உள்ளே எது குறைந்தது என்று காட்டியது. ஆயினும் எல்லாவற்றையும் உள்ளே கொண்டுவந்துவிடுவதை நான் விரும்பவில்லை. இன்னொருவர் கண்டுபிடித்து எழுதியதைத் தேடிப் படித்துவிட்டுத் திரும்புவதில் ஒரு கூட்டு மகிழ்ச்சி இருக்கிறது. வழி தடையில்லாமல் இருந்தால் போதும்.

மனதுக்கும் கைமாற்றச் செலவு உண்டு. ஒரு வேலையிலிருந்து மற்றதற்கு மாறினால் வேகம் குறைகிறது என்பதை உளவியலாளர் ஆர்தர் ஜெர்சில்ட் 1927லேயே அளந்து காட்டினார். அடுத்து மாற்றம் வருகிறது என்று முன்கூட்டியே தெரிந்து, தயாராக நேரம் கிடைத்தாலும், அந்தச் செலவு முழுவதும் போய்விடுவதில்லை என்று ராஜர்ஸும் மான்செலும் 1995இல் காட்டினார்கள். உலாவியிலிருந்து திரும்பிய நொடியிலேயே எதிரி தாக்கினால் கை தடுமாறுவது இயல்பு. கவனம் இழந்ததும் தானாக நிற்கும் விளையாட்டு, திரும்பியதும் வீரர் தானே தொடரச் சொல்லும்வரை காத்திருந்தால், இந்தத் தடுமாற்றத்துக்கு இடம் கொடுக்கிறது. தனியாள் விளையாட்டுகளில் இதைச் செய்யாமல் விட நல்ல காரணம் எதுவும் எனக்குத் தெரியவில்லை. பலர் சேர்ந்து ஆடுவதில் நிறுத்த முடியாது. டோட்டா 2 போல, ஆட்டம் கிடைத்ததும் தானே முன்னால் வந்து நிற்கலாம்.

மற்ற இடங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். மேக்கில் 2011இல் வந்த லயன் பதிப்பு முதல் முழுத்திரைச் செயலிக்குத் தனி வெளி ஒதுக்கப்படுகிறது. விரல்களைப் பக்கவாட்டில் நகர்த்தினால் அடுத்த வெளி. லினக்ஸின் பழைய எக்ஸ் அமைப்பில் விளையாட்டு விழுந்தால் டெஸ்க்டாப் சிறு அளவிலேயே மாட்டிக்கொண்டு நிற்கும். எக்ஸுக்குப் பின் வந்த வேலண்டில் திரை அளவைத் தொடும் அதிகாரம் தொகுப்பானுக்கே என்பதால் அந்தச் சிக்கல் எழுவதில்லை. தொலைபேசியில் வேறு கணக்கு: நினைவகம் போதாவிட்டால் ஆண்ட்ராய்டு பின்னணி விளையாட்டையே முடித்துவிடும். குரோமில் ஒரு பக்கம் பார்த்துவிட்டு வந்தால் முதல் திரையிலிருந்து ஏறுவது அதனால்தான்.

மிச்சமிருப்பது பழைய விளையாட்டுகள். டைரக்ட்3டி 9 காலத்துப் படைப்புகள் இன்றும் விற்பனையில் இருக்கின்றன, இன்றும் விளையாடப்படுகின்றன. எழுதிய குழுக்கள் பல கலைந்துவிட்டன. மீட்டமைப்புப் பிழையைத் திருத்த யாரும் வரப்போவதில்லை. திருத்தம் வெளியிலிருந்து வந்தது. டிஜிவூடூ2 பழைய டைரக்ட்எக்ஸ் அழைப்புகளைப் புதிய டைரக்ட்3டிக்கு மொழிபெயர்க்கிறது. லினக்ஸில் விண்டோஸ் விளையாட்டுகளை ஓட்டுவதற்காகத் தொடங்கிய டிஎக்ஸ்விகே அவற்றை வல்கன் என்ற கிராபிக்ஸ் இடைமுகத்துக்கு மாற்றுகிறது. 2019 டிசம்பரில் டைரக்ட்3டி 9ஐயும் சேர்த்துக்கொண்டது. கவனம் இழந்ததற்காகச் சாதனத்தை இழக்கும் வழக்கம் வல்கனில் கிடையாது. விளையாட்டின் கோப்புறைக்குள் ஒரு டிஎல்எல் கோப்பை வைத்தால், ஆல்ட்–டேப்பில் விழுந்துகொண்டிருந்த பழைய விளையாட்டுகள் பல விண்டோஸிலும் விழாமல் போய்வருகின்றன. ஏமாற்றுத் தடுப்பு உள்ள இணைய விளையாட்டுகளில் மட்டும் இதைச் செய்யக் கூடாது. மாற்றிய கோப்பைக் கண்டால் அவை கணக்கையே முடக்கக்கூடும்.